கொள்ளை முத்துக்குக் கல்லில் கணக்கு

வடக்கு ஐரோப்பாவின் வைக்கிங்குகள் கொள்ளையடித்த வெள்ளிப் பாத்திரங்களை வெட்டித் துண்டாக்கித் தராசில் எடைபோட்டே செலவழித்தார்கள். வெள்ளிக்கு அது சரி. முத்தை வெட்டினால் மதிப்பே போய்விடும். அதனால் முத்தைக் கைப்பற்றியவனுக்கு அதைத் தரம் பிரிக்கத் தெரிந்த ஆள் வேண்டும்.

அந்த வித்தை தூத்துக்குடிக் கரையில் ஊறியது. 1961-இல் கடைசி முத்துக்குளிப்பு நடந்த இக்கரையின் வியாபாரிகள் ‘பெட்டி’ என்ற பித்தளைச் சல்லடைக் கிண்ணங்களைப் புழங்கினார்கள். ஒரு கட்டில் பத்து. முதல் கிண்ணத்தில் 20 துளை, அடுத்து 30, 50 என்று போய்க் கடைசியில் 1000. துளைகள் பெருகப் பெருக ஒவ்வொன்றும் சிறுத்துவிடும். 20-இல் தங்கியது பெருமுத்து, 1000-இல் தங்கியது பொடி. அளவு பிரித்தபின் வடிவையும் ஒளியையும் பார்ப்பது கண்ணின் வேலை.

இதே கரையின் பழைய முத்துத்துறையான கொற்கை இருந்த பாண்டிய நாட்டை முதலாம் இராஜராஜன் (985–1014) வென்றான். சேரரையும் பாண்டியரையும் முறியடித்துக் கைப்பற்றிய பண்டாரத்திலிருந்து அவன் கோயிலுக்குக் கொடுத்தவை எவை என்று தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகள் ஒளிக்காமல் சொல்கின்றன. கொள்ளைப் பொருளுக்கு இவ்வளவு நேர்மையான கணக்கு எழுதி வைத்தது என்னை இன்றும் வியக்க வைக்கிறது. பொன்னை நிறுக்க ஆடவல்லான் என்னும் கல், ஆபரணங்களுக்குத் தட்சிணமேருவிடங்கன் என்னும் கல். சரடும் சட்டமும் செப்பாணியும் நீக்கியே நிறுத்தார்கள். 20 மஞ்சாடி ஒரு கழஞ்சு, 2 குன்றி ஒரு மஞ்சாடி. குன்றிமணி அளவுகூடத் தவறவில்லை.

அதே கோயிலின் நகைப் பட்டியல்களில் முத்துகளுக்கு வகை வகையாய்ப் பெயர்: வட்டம், அனுவட்டம், ஒப்புமுத்து, குறுமுத்து, நிம்பொளம், பயிட்டம். ஒளியைச் சொல்ல ‘குளிர்ந்த நீர்’, ‘சிவந்த நீர்’. நல்ல முத்தின் மினுக்கை நீர் என்று கண்டவர்கள் முத்தோடு நெடுநாள் பழகியவர்களாகத்தான் இருக்க வேண்டும். ஒட்டிப் பிறந்தது இரட்டை, தட்டையானது சப்பத்தி, சொரசொரப்பானது கறடு. அரசன் கொடுத்த நகையென்று இவற்றை மறைக்கவில்லை. உருண்டை முத்தின் பக்கத்திலேயே கறடுக்கும் எண்ணிக்கை வெட்டியிருக்கிறார்கள்.