வெட்டியும் ஒட்டியும்

குற்றாலத்துப் பேரருவி மலையுச்சியிலிருந்து நேரே நம் தலைமீது விழுவதில்லை. இடையே பொங்குமாங்கடல் என்னும் ஆழ்ந்த பள்ளத்தில் விழுந்து, வேகம் தணிந்த பிறகே கீழே இறங்குகிறது. தென்காசிக்கு வரும் நண்பர்கள் அருவியைப் புகழ்வார்கள்; பள்ளத்தைப் புகழ்வோர் அரியர். ஸினிமாவில் படத் தொகுப்பாளரின் நிலையும் அதுவே.

கதைப் படத்தைத் தொகுப்பவருக்குக் கதை துணை நிற்கிறது. டாக்குமெண்டரிப் படத்திலோ, எதிரே குவிந்து கிடக்கும் பிலிம் சுருள்களிலிருந்தே கதையைக் கண்டெடுக்க வேண்டும்.

இதன் அருமையை அறிய ஏ. கே. செட்டியாரின் பணியைப் பார்த்தால் போதும். 1911-ல் கோட்டையூரில் பிறந்து, டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றவர் அவர். 1937-ல் கப்பல் பிரயாணத்தின்போது, மகாத்மாவின் வாழ்க்கையைப் படமாக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. நடிகரை அவர் தேடவில்லை. பிறர் முன்னரே பிடித்து வைத்திருந்த படத்துண்டுகளைத் தேடினார். சுமார் 1 லட்சம் மைல் அலைந்து, ஏறத்தாழ 100 காமிராக்காரர்கள் 30 ஆண்டுகளில் எடுத்த 50,000 அடிப் பிலிமைச் சேர்த்தார்.

ஓடவிட்டால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும்! அதை 12,000 அடியாகச் சுருக்கினார்கள். தள்ள வேண்டியதும் மகாத்மாவைப் பற்றிய படமே அல்லவா? கத்தரிக்கோல் பிடித்த கை தயங்காதிருக்குமா? மேலும், பழைய மௌனப் படங்கள் பெரும்பாலும் வினாடிக்குச் சுமார் 16 சட்டங்களாக எடுக்கப்பட்டவை. பேசும் படக் கருவியோ 24 சட்டங்களாக ஓட்டும். அப்படியே ஓட்டினால் பெரியோர்களும் பொம்மைகளைப் போல் துள்ளி ஓடுவார்கள். சில சட்டங்களை இருமுறை பதித்து நடையைச் சீராக்குவது இத்தொழிலின் நுட்பங்களில் ஒன்று.

அன்னிய ஆட்சி நடந்த காலத்திலேயே, 1940 ஆகஸ்டில், தமிழ் விளக்கவுரையுடன் படம் சென்னையில் வெளிவந்தது. பின்னர் செட்டியார் 'குமரி மலர்' பத்திரிகையை நடத்தி, மறைந்து கிடந்த பழைய எழுத்துக்களைத் தொகுத்தளித்தார். பிலிமானாலும் காகிதமானாலும் அவர் கைத்தொழில் ஒன்றே. 1983-ல் அவர் மறைந்தார்.

1953-ல் உருவான ஆங்கில வடிவத்தின் பிரதி பிற்காலத்தில் அமெரிக்காவில் கண்டெடுக்கப்பட்டது. முதலில் வந்த தமிழ்ப் படமோ முழுமையாக நமக்குக் கிட்டவில்லை. உலகெங்கும் சிதறியதை ஒருவர் ஒன்றுசேர்த்தார். சேர்த்ததைக் காக்க நாம் தவறினோம்.

நேயர்கள் இன்றே ஒன்று செய்யலாம். வீட்டிலுள்ள பழைய படங்களின் பின்புறத்தில் பெயரும் ஊரும் ஆண்டும் எழுதி வையுங்கள். நாளைய தொகுப்பாளருக்கு அதைவிடப் பெரிய உதவி வேறில்லை.