சாப்ளினை இயக்கிய மேபல் நார்மண்ட்: யார் இந்த காமெடி குயின்?

தொளதொள பேன்ட், டைட்டான கோட், கையில் ஒரு பிரம்பு. சார்லி சாப்ளினின் இந்த கெட்டப்பைத் தெரியாதவங்க குறைவு. ஆனா, அந்த கெட்டப்பில் அவர் முதன்முதலாக நடித்த ‘மேபல்ஸ் ஸ்ட்ரேஞ்ச் பிரெடிகமென்ட்’ (1914) படத்தை இயக்கியது யார்? 21 வயதான மேபல் நார்மண்ட். படத்தின் ஹீரோயினும் அவர்தான்.

யார் இவர்?

நியூயார்க்கின் ஸ்டேட்டன் ஐலண்டில் 1892-ல் பிறந்தவர். டீன் ஏஜில் ஓவியர்களுக்கு மாடலாக இருந்து, அப்படியே சினிமாவுக்கு வந்தார். 1912-ல் மாக் சென்னட் தொடங்கிய கீஸ்டோன் கம்பெனியின் முக்கிய நட்சத்திரமானார். வசனமே இல்லாத காலம். விழுவது, ஓடுவது, முகபாவம் காட்டுவதுதான் காமெடி. அதில் ஆண்களுக்குச் சமமாக நின்றார் மேபல். படத்தின் தலைப்பிலேயே அவர் பெயர் வரும் அளவுக்கு மவுசு!

சாப்ளினுக்கு என்ன பிரச்சினை?

‘மேபல் அட் த வீல்’ படப்பிடிப்பில் மேபல் சொல்வதைக் கேட்க சாப்ளின் மறுத்தார். மேபல் தன்னை இயக்குவதா என்ற எரிச்சல் அன்று தனக்கு இருந்ததை, பிற்காலத்தில் சுயசரிதையில் அவரே எழுதியிருக்கிறார். பிறகு இருவரும் சமாதானமாகி, சேர்ந்தே பல படங்களில் நடித்தார்கள். 1916-ல் மேபல் பெயரிலேயே தனி பட நிறுவனம் உருவானது. அதன் ‘மிக்கி’ (1918) சூப்பர் ஹிட்.

எங்கே சறுக்கியது?

1922 பிப்ரவரி 1 இரவு, இயக்குநர் வில்லியம் டெஸ்மண்ட் டெய்லர் லாஸ் ஏஞ்சல்ஸில் தன் வீட்டில் சுட்டுக் கொல்லப்பட்டார். சற்று முன்புதான் அவரைச் சந்தித்துவிட்டுக் கிளம்பியிருந்தார் மேபல். அவர் மீது வழக்கு எதுவும் இல்லை. கொலையாளி கடைசி வரை சிக்கவும் இல்லை. ஆனா, பத்திரிகைகள் விடவில்லை. 1924 புத்தாண்டு நாளில் அவருடைய டிரைவர், மேபலின் துப்பாக்கியால் ஒருவரைச் சுட்டுக் காயப்படுத்த, பேர் மேலும் கெட்டது. சில ஊர்களில் அவர் படங்களுக்குத் தடை. கூடவே காசநோய். 1930 பிப்ரவரியில், 37 வயதில் இறந்தார்.

இப்போ ஏன் பேசணும்?

மேபல் என்றால் பலருக்கு நினைவு வருவது அந்தக் கொலை வழக்குதான். சாப்ளின் கதையில் அவர் ‘உடன் நடித்த நடிகை’. ஆனா, அவரே இயக்கி நடித்த ‘மேபல்ஸ் பிளண்டர்’ (1914) படத்தை, பாதுகாக்க வேண்டிய படங்களின் தேசியப் பட்டியலில் 2009-ல் சேர்த்தது அமெரிக்காவின் லைப்ரரி ஆஃப் காங்கிரஸ். சில நிமிடங்களே ஓடும் குட்டிப் படம்; இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. அடுத்த ரீல்ஸை ஸ்க்ரோல் செய்வதற்கு முன்னால் ஒருமுறை பாருங்க. அவர் வேலை என்னவென்று அந்தப் படமே சொல்லிவிடும்.