இல்லாத புத்தகத்தை 'மொழிபெயர்த்த' பேராசிரியர்!

'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' மூன்றாம் படத்தின் இறுதிக் காட்சிகள் நினைவிருக்கிறதா? கப்பலேறிப் போகும் முன், ஃப்ரோடோ தன் தோழன் சாமின் கையில் சிவப்பு அட்டை போட்ட தடிமனான புத்தகம் ஒன்றைக் கொடுப்பான். பிரிவு சோகத்தில் பலரும் அந்தப் புத்தகத்தைச் சரியாகக் கவனித்திருக்க மாட்டோம். ஆனால், மூன்று படங்களிலும் நாம் பார்த்த கதை அதற்குள்தான் இருக்கிறது!

அதன் பெயர், 'வெஸ்ட்மார்ச்சின் சிவப்புப் புத்தகம்'. எந்த நூலகத்தில் தேடினாலும் கிடைக்காது. ஜே.ஆர்.ஆர்.டோல்கீன் என்ற ஆக்ஸ்ஃபோர்டு பேராசிரியரின் கற்பனையில் பிறந்த சுவடி அது. 1954-55-ல் நாவல் மூன்று பாகங்களாக வெளிவந்தபோது, 'இது என் கதை' என்று அவர் காட்டிக்கொள்ளவில்லை. ஏதோ ஒரு பழஞ்சுவடியை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்துத் தருபவர் போலவே முன்னுரையும் பின்னிணைப்புகளும் எழுதினார்.

அந்தச் சுவடிக்கு ஒரு முழு வரலாற்றையே அவர் உருவாக்கினார். பில்போ எழுதிய நாட்குறிப்புதான் தொடக்கம். ஃப்ரோடோ அதைத் தொடர்ந்தான். மிச்சப் பக்கங்கள் சாமுக்கு. சாம் அதைத் தன் மகள் எலனோரிடம் ஒப்படைத்தான். அவள் குடும்பத்தார் தலைமுறை தலைமுறையாகப் பாதுகாத்தார்கள். அப்படியும் மூலப் புத்தகம் அழிந்துவிட்டது; எஞ்சியவை நகல்கள் மட்டுமே. அந்த நகல்களில் ஒன்றை எழுதியவன் பெயர் ஃபிண்டகில். நாவலில் அவனுக்கு வேறெந்த வேலையும் கிடையாது!

நெருப்பில் தப்பிய கவிதை

ஒரு கற்பனைக் கதைக்கு எதற்கு இவ்வளவு மெனக்கெடல்? பதில், டோல்கீன் பார்த்த வேலையில் இருக்கிறது. பழைய ஆங்கில இலக்கியம்தான் அவர் பாடம். அதில் புகழ்பெற்ற 'பேவுல்ஃப்' காவியத்துக்கு உலகத்தில் இருப்பது ஒரே ஒரு கையெழுத்துப் பிரதி. சுமார் 1,000 ஆண்டுகள் பழைமையானது. 1731-ல் லண்டனில் அது இருந்த கட்டடம் தீப்பிடித்தது. ஓரங்கள் கருகிய நிலையில் பிரதி தப்பியது. அன்றைக்கு அது சாம்பலாகியிருந்தால், அந்தக் காவியமே இன்று நம்மிடம் இல்லை. யாரோ பெயர் தெரியாத இரண்டு பேர் உட்கார்ந்து எழுதிய நகல் அது.

ஆக்ஸ்ஃபோர்டில் நிஜமாகவே ஒரு சிவப்புப் புத்தகமும் உண்டு. 'ஹெர்கெஸ்ட்டின் சிவப்புப் புத்தகம்' எனப்படும் அது, வேல்ஸ் மொழியின் பழங்கதைகளும் கவிதைகளும் அடங்கிய, சுமார் 600 ஆண்டுகள் பழைமையான தொகுப்பு. டோல்கீன் தன் கற்பனைச் சுவடிக்குப் பெயர் எடுத்தது இதிலிருந்துதான் என்பது ஆய்வாளர்கள் பலரின் கருத்து.

பில்போ சொன்ன பொய்

இந்தச் சுவடி யோசனை, ஒரு பெரிய சிக்கலிலிருந்தும் அவரைக் காப்பாற்றியது. 1937-ல் வந்த 'தி ஹாபிட்' முதல் பதிப்பில், விடுகதைப் போட்டியில் பில்போ ஜெயித்தால் தன் மோதிரத்தைப் பரிசாகத் தருவதாக கோல்லம் வாக்குக் கொடுப்பான். ஆனால், அடுத்த நாவலில் அதே மோதிரம், வைத்திருப்பவர் யாரும் மனமுவந்து விட்டுக்கொடுக்க முடியாத கொடிய பொருளாக மாறிவிட்டது. கதை இடித்தது. 1951 பதிப்பில் அந்த அத்தியாயத்தைத் திருத்தி எழுதினார் டோல்கீன். சரி, பழைய பதிப்பை ஏற்கெனவே படித்தவர்களுக்கு என்ன பதில்?

'அது பில்போ சொன்ன பொய்' என்றார்! மோதிரம் முறைப்படி தனக்குச் சேர்ந்தது என்று காட்டிக்கொள்ள, பில்போ நாட்குறிப்பில் அப்படி எழுதிவைத்தானாம். பெரியவர் எழுதியதை அழிக்க மனமில்லாமல், ஃப்ரோடோவும் சாமும் அதை அப்படியே விட்டுவிட்டார்களாம். மோதிரம் கைக்கு வந்ததுமே ஒரு நல்ல மனிதரைப் பொய் சொல்ல வைத்துவிட்டது என்பதும் இதிலேயே புரிந்துவிடுகிறது.

மோரியா சுரங்கத்தில் குள்ளர்கள் விட்டுச்சென்ற 'மஸர்புல் புத்தக'த்தின் மூன்று பக்கங்களை டோல்கீன் தன் கையாலேயே தயாரித்தார். தாளைக் கிழித்து, கருக்கி, ரத்தக்கறை போல வண்ணம் தீட்டினார். அவற்றை நாவலில் சேர்க்க ஆசைப்பட்டார். அச்சுச் செலவு அதிகம் என்பதால் அப்போது அது நடக்கவில்லை.

நிஜமான சாம்

டோல்கீன் 1973-ல் இறந்தபோது, வாழ்நாள் முழுக்க எழுதித் திருத்திய தொன்மக் கதைகள் முடிவடையாமல் குவிந்துகிடந்தன. ஒரே கதைக்குப் பல வடிவங்கள். படிக்கச் சிரமமான கையெழுத்து. நாவலின் வரைபடத்தை வரைந்து தந்த மகன் கிறிஸ்டோபர், அந்தக் காகிதங்களின் முன் உட்கார்ந்தார். 1977-ல் 'தி சில்மரில்லியன்' வெளிவந்தது. பிறகு 1983 முதல் 1996 வரை, அப்பாவின் வரைவுகளை 12 தொகுதிகளாகப் பதிப்பித்தார். எது முந்தையது, எது அடித்து எழுதியது என்று வரிவரியாகக் குறித்துவைத்தார். 2020-ல், 95 வயதில் மறைந்தார்.

எழுதியவர் போன பிறகும் ஒரு கதை வாழ வேண்டுமென்றால், அதைப் பொறுமையாகப் படித்து நகலெடுக்க ஒருவர் வேண்டும். கற்பனையில் சாமுக்கும் ஃபிண்டகிலுக்கும் டோல்கீன் கொடுத்த வேலையை, நிஜத்தில் அவர் மகன் செய்துமுடித்தார்.