போனை அல்ல, தொல்லையை மட்டும் அடக்குவோம்!



மங்கலம்பேட்டையில் நம்மில் பலருக்கு வீட்டுக்கு ஒரே போன்தான். வங்கிச் செய்தியும் அதில்தான், பிள்ளைங்க விளையாட்டும் அதில்தான். விளையாடுகிறவர்கள் பேசிக்கொள்ள 2015-ல் வந்த செயலி 'டிஸ்கார்டு'. ஒரே குழுவில் ஆயிரக்கணக்கானோர் இருப்பதும் உண்டு. யார் எழுதினாலும் நம்ம போன் 'டிங்' என்று அடிக்கலாம். தொல்லை தாங்காமல் போனையே சைலண்டில் போட்டுவிடுகிறோம். அங்கேதான் தப்பு! கடன் தவணை பற்றிய செய்தியும், குழுக் கூட்டத்துக்குக் கூப்பிடும் அழைப்பும் தெரியாமல் போய்விடும்.

என்ன செய்யலாம்?

1. டிஸ்கார்டில் அந்தக் குழுவின் படத்தை அழுத்திப் பிடித்து, 'நோட்டிஃபிகேஷன்' பகுதிக்குப் போங்க.

2. 'மியூட்' கொடுங்க. 15 நிமிடம், 1 மணி, 8 மணி நேரம் அல்லது நாமே மாற்றும்வரை பொது அரட்டைச் சத்தம் வராது.

3. பிள்ளையின் பெயரைச் சொல்லி அழைத்தால் அப்போதும் சத்தம் வரும். அதுவும் வேண்டாமென்றால் 'நத்திங்' வையுங்க. 'எவ்ரிஒன்' என்று எல்லோரையும் அழைப்பதை நிறுத்தத் தனி பட்டன் உண்டு.

திட்டாமல் பிள்ளையைப் பக்கத்தில் உட்கார வைத்து, அவர்கள் கையாலேயே செய்யச் சொல்லுங்க. 13 வயது ஆகாதவர்களுக்கு இந்தச் செயலி கிடையாது என்பதையும் மறக்காதீங்க. அடுத்த கூட்டத்தில் ஒருவருக்கொருவர் சொல்லிக் கொடுப்போம்!