கல்லமேட்டு எலும்பும் கலைக்களஞ்சிய வரியும்

கலைக்களஞ்சியத்தில் ஒரு வரி சேர்ப்பதற்கு முன் அதன் சான்று எத்தகையது என்று பார்ப்பது பழைய விதிதான். ஆயினும் மதிப்பாய்வுக்கு முன்பே இணையத்தில் ஏற்றப்படும் முன்னச்சுக் கட்டுரைகள், அதாவது ப்ரீபிரிண்ட்கள், பெருகிய பின்பு அதைக் கடைப்பிடிப்பது கடினமாகியுள்ளது. இதழுக்கு வரும் கட்டுரையை அத்துறையின் வேறு அறிஞர்கள் படித்து, குறை சுட்டித் திருத்தச் சொல்வது சக ஆய்வாளர் மதிப்பாய்வு. முன்னச்சு அந்தப் படியைத் தாண்டாதது. 2020 ஜனவரி இறுதியில், கொரோனா வைரசில் எச்.ஐ.வி.யை ஒத்த பகுதிகள் இருப்பதாக டெல்லி ஆய்வாளர்கள் ஏற்றிய முன்னச்சு, விமர்சனம் எழுந்ததும் சில நாட்களில் திரும்பப் பெறப்பட்டது. செய்தியோ அதற்குள் உலகெங்கும் பரவிவிட்டது. விக்கிப்பீடியா முன்னச்சுகளைப் பொதுவாக ஏற்காததற்குக் காரணம் இந்த மதிப்பாய்வின்மையே.

ஆனால் அச்சேறியது என்பதாலேயே ஒரு செய்தி உறுதியாகிவிடாது என்பதற்கு அரியலூர் மாவட்டத்துக் கல்லமேடு சான்று. அங்கே கிடைத்த பெரும் எலும்புகளைக் கொண்டு யாதகிரி, அய்யாசாமி ஆகிய புவியியலாளர்கள் 1980களின் இறுதியில் 'புருகத்காயோசாரஸ்' என்று ஒரு டைனோசருக்குப் பெயரிட்டனர். முதலில் ஊனுண்ணி என விவரிக்கப்பட்ட அது, பின்னர் நீள்கழுத்துத் தாவர உண்ணியாகக் கருதப்பட்டது. கீழ்க்கால் எலும்பு மட்டுமே 2 மீட்டர் நீளம் என்று பதிவாகியது; எலும்புகளோ பின்னர் உதிர்ந்து அழிந்தன. அவை எலும்பே அல்ல, கல்லாகிய மரம் என்ற ஐயமும் எழுந்தது; பெரம்பலூர் மாவட்டத்துச் சாத்தனூரில் 18 மீட்டர் கல்மரம் இன்றும் கிடக்கும் நிலப்பகுதியில் அது வீண் ஐயம் அன்று. 2022இல் பழைய புகைப்படங்களை வெளியிட்டு அய்யாசாமியும் மற்றோர் ஆய்வாளரும் அதை மறுத்தனர். 2023இல் 'லெத்தையா' என்ற ஆய்விதழில் வந்த கட்டுரை விலங்கின் எடையை 110 முதல் 170 டன் வரை மதிப்பிட்டது.

இக்கட்டுரை முறையான இதழில் வந்ததுதான். எனினும் மதிப்பாய்வாளர் சரிபார்க்கக் கூடியது கணக்கையும் வாதத்தையுமே; அழிந்த எலும்பை எடுத்து எவரும் மறுமுறை அளக்க முடியாது. ஆகவே "உலகின் மிகப் பெரிய டைனோசர் அரியலூரில் வாழ்ந்தது" என்று எழுதுவது, ஊர்ப்பெருமைக்கு எவ்வளவு இனித்தாலும், தவறு. "கல்லமேட்டில் கிடைத்து இன்று அழிந்துபோன எலும்புகளின் பழைய அளவுகளைக் கொண்டு 2023இல் இவ்வாறு மதிப்பிடப்பட்டது" என்ற நீண்ட வரியே அங்கே நிற்க வேண்டியது.