சிறைக்குள் சென்ற வீடு

விருதுபட்டி என்று அந்நாளில் வழங்கிய இவ்விருதுநகரில் 1903 ஜூலை 15 அன்று பிறந்து, ஆறாம் வயதில் தந்தை குமாரசாமியை இழந்து, தாய் சிவகாமியம்மாளும் பாட்டி பார்வதியம்மாளும் பேணி வளர்க்க ஆளாகிய காமராஜர், தமது ஆயுளில் ஏறத்தாழ ஒன்பது ஆண்டுகளை அந்நிய அரசாங்கத்தின் சிறைகளிற் கழித்தார். வேதாரணிய உப்பு சத்தியாக்கிரகத்தை அடுத்து, 1930-இல் பல்லாரியை ஒட்டிய அலிப்புரம் சிறையில் அடைபட்டிருந்தபோது, பாட்டி நோயுற்ற செய்தி எட்டியும் பரோலில் வர அவர் இசையவில்லை. சுவரையே நோக்கியிருப்பவனுக்கு ஸ்மரணை ஒன்றே சாளரம் அல்லவா? பாட்டியின் குரலும், தெப்பக்குளத்துப் படிகளும், மிளகாய் வற்றல் நெடி ஏறிய கடைவீதியும் அந்தச் சாளரத்தின் வழியே அவர்முன் எத்தனை இரவுகள் வந்து நின்றனவோ! சுயசரிதம் எழுதும் சுபாவம் அவருக்கில்லை. ஆதலின் அவர் வளர்ந்த இச்சிறு வீட்டில் நிற்கும் நாமே அதனைக் கற்பனையிற் கண்டுகொள்ள வேண்டும்.

ஊரும் அவரை மறந்ததில்லை. 1940 டிசம்பரில் குண்டூரில் கைதாகி வேலூர்ச் சிறையிலிருந்தவரை, 1941-இல், ஆள் இல்லாத நாற்காலிக்கு, நகரசபைத் தலைவராகத் தேர்ந்தெடுத்தது! விடுதலையாகி வந்தவர், ஒரே கூட்டத்தை நடத்திவிட்டு அப்பதவியை ராஜினாமா செய்தார். 1942 ஆகஸ்டில் மறுபடியும் கைது. இம்முறை வேலூரிலும், பின்னர் தொலைவிலிருந்த அமராவதியிலுமாக, 1945 வரை.