உஷார்! ஆக்சிஜனைக் கூட்டி வைக்காதீர்கள்

வீட்டில் ஆக்சிஜன் மெஷின் வைத்திருக்கிறீர்களா? அடுத்த முறை அதன் குமிழைத் திருகும் முன் இதைப் படித்துவிடுங்கள்.

வடகரை, அச்சன்புதூர், பண்பொழிப் பக்கம் சாரலும் மேல்காற்றும் சேர்ந்தடிக்கும் ஆனி, ஆடியில் இளைப்புக்காரர்கள் பாடு திண்டாட்டம். காலமெல்லாம் பீடி குடித்த தாத்தாக்கள், விறகடுப்புப் புகையில் வெந்த பாட்டிகள். இவர்களில் பலருக்கு இருப்பது வெறும் வீசிங் அல்ல, சிஓபிடி என்கிற நாள்பட்ட நுரையீரல் நோய். வளைகுடாவிலோ சென்னையிலோ இருக்கும் பிள்ளை ஆன்லைனில் ஒரு மெஷினை வாங்கி அனுப்பிவிடுகிறான். ஆபத்து அங்கேதான் தொடங்குகிறது.

2021 கொரோனா அலையில், மகேந்திரகிரி இஸ்ரோ வளாகத்திலிருந்து திரவ ஆக்சிஜன் ஆஸ்பத்திரிகளுக்குப் போன அந்த நாட்களில், நாம் ஒரு கணக்கு கற்றுக்கொண்டோம். விரலில் மாட்டும் கருவி ரத்த ஆக்சிஜனை 94 சதவீதத்துக்குக் கீழே காட்டினால் ஆபத்து என்பது அந்தக் கணக்கு. சிஓபிடி முற்றியவருக்கு அதே கணக்கைப் போடுவது கொலைபாதகம். அவருக்கு மருத்துவர்கள் பொதுவாக வைக்கும் இலக்கு 88 முதல் 92 வரைதான். “90தானே காட்டுது, கூட்டி வை” என்று மகன் சொல்ல, மருமகள் 2 லிட்டரை 5 ஆக்க, பெரியவர் நிம்மதியாகத் தூங்குவது போலத் தெரியும். அது தூக்கமாக இல்லாமலும் போகலாம். அளவுக்கு மிஞ்சிய ஆக்சிஜனால் இந்த நோயாளிகளின் ரத்தத்தில் கரியமில வாயு தேங்கும். காலையில் தலைவலி, பேச்சில் குழப்பம், கை உதறல், எழுப்பினால் எழாத மயக்கம் என்று அது வளரும். விரல் கருவியோ அழகாக 98 காட்டிக்கொண்டிருக்கும்! கரியமில வாயுவை அந்தக் கருவி அளப்பதே இல்லை.

இது வெறும் பூச்சாண்டி அல்ல. 2010-இல் ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியாவில் நடந்த ஆய்வு வெளியானது. ஆம்புலன்ஸில் வந்த நோயாளிகளில் ஒரு சாராருக்கு ஆக்சிஜனைத் தாராளமாகவும், மறு சாராருக்கு 88–92 என்று அளந்தும் கொடுத்தார்கள். அளந்து கொடுக்கப்பட்டவர்களிடையே இறப்பு பாதிக்கும் குறைவு.

இன்னொரு ஏமாற்றம் தோளில் மாட்டும் சின்ன மெஷின். அவற்றில் பல, மூச்சை இழுக்கும்போது மட்டும் ஒரு வீச்சு ஆக்சிஜன் விடுபவை. அதில் ‘3’ என்றால் நிமிடத்துக்கு 3 லிட்டர் என்று பொருளில்லை. வாயைத் திறந்து தூங்குபவரின் மூச்சை அது உணராமலும் போகலாம். பேட்டரியும் சில மணி நேரமே. அதை நம்பிப் பொதிகை எக்ஸ்பிரஸில் இரவு முழுக்கச் சென்னைக்குப் போகத் துணியாதீர்கள். ஸ்ப்ரே டப்பா ஆக்சிஜனோ சுத்தப் பண விரயம். பத்து லிட்டர் டப்பா, நிமிடத்துக்கு 2 லிட்டர் கணக்கில் ஐந்தே நிமிடத்தில் காலி.

காற்றில் மரம் சாய்ந்து கரண்டு போனால் பெரிய மெஷினும் நின்றுவிடும். பக்கத்தில் ஒரு சிலிண்டர் இருக்கட்டும். 1,500 லிட்டர் சிலிண்டர், 2 லிட்டர் கணக்கில் சுமார் பன்னிரண்டரை மணி நேரம் வரும். அதன் வால்வில் எண்ணெய்க் கை படக்கூடாது.

நெருப்பு விஷயத்தில் தயவு தாட்சண்யமே வேண்டாம். ஆக்சிஜன் தானாக எரியாது, ஆனால் எரிவதை வெறிகொண்டு எரிய வைக்கும். மூக்கில் குழாயோடு ஒரு பீடி பற்றவைத்தால் முகமே பற்றிக்கொள்ளும். குழாயைக் கழற்றிய உடனேயும் ஆபத்துதான், ஏனென்றால் துணியிலும் போர்வையிலும் ஆக்சிஜன் ஊறியிருக்கும். கொசுவத்தி, சாம்பிராணி, குத்துவிளக்கு எதுவும் அந்த அறையில் வேண்டாம். மூக்கு காய்ந்தால் வாசலின் தடவாதீர்கள், தண்ணீரால் ஆன ஜெல் போதும்.

இதைப் படித்துப் பயந்து மெஷினை நிறுத்திவிடாதீர்கள், அது இன்னும் மோசம். உண்மையாகவே தேவைப்படுகிறவருக்கு நாளொன்றுக்குக் குறைந்தது 15 மணி நேரம் கொடுத்தால் ஆயுள் நீளும் என்பது 1981-இலேயே பிரிட்டனில் நிரூபணமானது. யாருக்குத் தேவை, எத்தனை லிட்டர் என்பதை ரத்த வாயுப் பரிசோதனை செய்து நுரையீரல் மருத்துவர்தான் சொல்ல வேண்டும்.

அவர் சொன்ன லிட்டர் அளவையும் இலக்கு எண்ணையும் ஒரு தாளில் பெரிதாக எழுதி மெஷின் மேல் இன்றே ஒட்டுங்கள். இன்னொரு தாள் பெரியவரின் சட்டைப்பையில் இருக்கட்டும். 108 வந்தால் முதலில் அதைக் காட்டுங்கள்.